உப்பின் வெள்ளை

ஜனவரி 9, வியாழன்

தண்ணீர் லாரி இன்றும் வரவில்லை. மூன்றாவது முறை போன் செய்து கத்திய பிறகு மதியம் அனுப்புவதாகச் சொன்னார்கள். முப்பத்தாறு வருடம் குரலை உயர்த்தாமல் இயற்பியல் நடத்தியவள் நான். ஓய்வு பெற்ற பிறகுதான் கத்தக் கற்றுக்கொண்டிருக்கிறேன்.

பதினொரு மணிக்குச் சுகந்தி பேசினாள். என் கணவர் முதன்முதலில் தனியாக ஒளிப்பதிவு செய்த ‘வெள்ளைப் பாத்தி’ படத்தைத் தயாரித்த நஞ்சப்பனின் மகள். நஞ்சப்பனும் இல்லை, இயக்குநரும் இல்லை. மிச்சம் இருப்பது நெகடிவும் இவரும்தான். நெகடிவ் புளித்த வாடை அடிக்கத் தொடங்கிவிட்டதாம். அது முழுவதும் கெடுவதற்குள் கணினியில் ஏற்றி, கீறல் நீக்கி, நிறம் திருத்திப் புதுப் பிரதி எடுக்கிறார்கள். ஏப்ரல் பன்னிரண்டாம் தேதி ஒரு திரைப்பட விழாவில் திரையிடுகிறார்கள். இவர் கூட இருந்து பார்த்து ஒப்புதல் கொடுக்க வேண்டும்.

“அங்கிளுக்குக் கண்ணெல்லாம் நல்லாத் தெரியுதுங்களா ஆன்ட்டி? தப்பா எடுத்துக்காதீங்க, எழுபத்தஞ்சு வயசாச்சு, அதனால கேக்கறேன்.”

“அவருக்கென்னம்மா, கண்ணாடிகூடப் போடுறதில்லை” என்றேன்.

உண்மைதான். போடுவதில்லை. போனை வைத்துவிட்டு, பாதியில் விட்ட செய்தித்தாளை இவருக்கு வாசித்துக் காட்டி முடித்தேன்.

ஜனவரி 11, சனி

விழா மலருக்காக இவரைப் பற்றி ஒரு பக்கம் கேட்டிருந்தாள். எழுதி அனுப்பினேன்.

பா. சேதுமாணிக்கம், ராமநாதபுரத்துக்காரர். 1971இல் சென்னைக்கு வந்து ஸ்டுடியோவில் கேமரா உதவியாளராகச் சேர்ந்தார். பன்னிரண்டு வருடம் பெட்டி தூக்கினார், பிலிம் மாற்றினார், ஃபோகஸ் இழுத்தார். 1983இல் ‘வெள்ளைப் பாத்தி’. அதன் பிறகு தமிழில் இருபது, கன்னடத்தில் மூன்று, தெலுங்கில் இரண்டு. கடைசிப் படம் 2006இல்.

மலருக்கு அனுப்பாமல் விட்டதை இங்கே எழுதுகிறேன். 1988இல் ஒரு கதாநாயகியின் அம்மா, “எம் பொண்ண இவன் கறுப்பாக் காட்டுறான்” என்று சொன்ன ஒரே வார்த்தைக்காக படப்பிடிப்பின் மூன்றாம் நாளே இவரைப் படத்திலிருந்து நீக்கினார்கள். இரண்டு வருடம் வீட்டில் உட்கார்ந்திருந்தார். அந்த அம்மாளை நினைத்தால் இன்றும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

இன்னொன்றும் உண்டு. இவருடைய நான்காவது படத்தின் முதல் பிரதியைப் பார்த்துவிட்டு வந்து, “இரண்டாம் பாதியில் வீட்டுக்குள் இருட்டு கொஞ்சம் அதிகம். அந்தப் பெண்ணின் கண்ணே தெரியவில்லை” என்றேன். ஒன்பது நாள் என்னோடு பேசவில்லை. பத்தாம் நாள் பேசியது இதுதான்: “உன் வேலை பள்ளிக்கூடத்துல. கண்ணு வேலை என்னுது.” அதன் பிறகு இந்த வீட்டில் படத்தைப் பற்றி நான் வாய் திறந்ததில்லை. பொரியலில் உப்பு குறைவு என்று நான் சொல்லலாம். படத்தில் வெளிச்சம் குறைவு என்று சொல்லக் கூடாது.

பிப்ரவரி 3, திங்கள்

மாதிரிக்காகப் பத்து நிமிடப் படம் போட்டுக் காட்டினார்கள். வளசரவாக்கத்தில் ஒரு கட்டடத்தின் இரண்டாவது மாடி. நிறம் திருத்துகிறவரின் பெயர் ஜெபராஜ். கலரிஸ்ட் என்கிறார்கள். நாகர்கோவில்காரர், நாற்பது வயதிருக்கும். என்னைப் பற்றிக் கேட்டுத் தெரிந்துகொண்டதும் ‘டீச்சர்’ என்று கூப்பிட ஆரம்பித்துவிட்டார்.

பவுனம்மாள் வரும் காட்சியைப் போட்டார்கள். வேதாரண்யம் உப்பளத்தில் உண்மையாகவே வேலை பார்த்துக்கொண்டிருந்த பெண்ணைத்தான் இயக்குநர் கதாநாயகியாக்கினார். நல்ல கறுப்பு. திரையில் வந்தவளோ கோதுமை மாவு பூசியது போல இருந்தாள்.

இவர் கைத்தடியால் தரையில் ஓங்கி அடித்தார். “யார்யா இந்தப் பொண்ணு? எம் படத்துல இவ இல்லையே!”

சுகந்தி சிரித்து மழுப்பினாள். “இல்லீங்க அங்கிள், இப்பத்த ஆடியன்ஸுக்காகக் கொஞ்சம் பிரைட் பண்ணச் சொன்னேன்.”

“அவ மூஞ்சி பிரைட்டாத்தாம்மா இருந்துச்சு. ஒங்க கண்ணுதான் மங்கிப்போச்சு!”

அந்த முகத்தை இவர் எப்படி எடுத்தார் என்று நான் அறிவேன். கோடை விடுமுறையில் ஒன்பது நாள் உப்பளத்தில் இவரோடு இருந்தேன். பொதுவாக வெயிலில் படம் எடுக்கும்போது, முகத்தில் வெளிச்சம் விழ, வெள்ளித்தாள் ஒட்டிய பலகையைப் பிடிப்பார்கள். இவர் ஒரு பலகையும் வேண்டாம் என்றார். பாத்தி பாத்தியாக விளைந்து கிடந்த உப்பே வெளிச்சத்தைக் கீழிருந்து முகத்துக்கு அனுப்பியது. வகுப்பில் நான் சொல்லும் உதாரணம்: மொட்டைமாடியில் வெள்ளை வேட்டி காயும்போது அதன் பக்கத்தில் குனிந்து நின்று பாருங்கள், தாடைக்கு அடியில் வெளிச்சம் ஏறும். பவுனம்மாளின் கறுப்பு அப்படித்தான் மின்னியது. அந்த மின்னலைத் துடைத்துவிட்டு மாவு பூசியிருக்கிறார்கள்.

ஜெபராஜ் மெதுவாக, “நானும் வேண்டாம்னுதான் சொன்னேன் சார்” என்றார். சுகந்தி அவரை முறைத்தாள்.

இவர் ஜெயித்துவிட்டார். இனி இவர் சொல்லாமல் ஒரு நிறத்தையும் தொடுவதில்லை என்று எழுதிக் கொடுத்தாள். வரும் வழியெல்லாம் ஆட்டோவில் எனக்குப் பெருமையாக இருந்தது.

பிப்ரவரி 10, திங்கள்

நிறத்திருத்தம் தொடங்கியது. நானும் கூடப் போகிறேன். படிக்கட்டில் வெளிச்சம் போதாது, அதனால்.

பிப்ரவரி 12, புதன்

உப்பளக் காட்சிகள்.

“மஞ்சளா இருக்கு ஜெபராஜ். அழுக்குத் துணி மாதிரி. நீலம் ஏத்துங்க.”

ஏற்றினார்.

“இன்னும்.”

ஏற்றினார்.

“இன்னும்யா. உப்புய்யா அது, வெல்லம் இல்ல!”

ஜெபராஜ் பக்கத்தில் இருந்த சின்னத் திரையைக் காட்டினார். அதில் கோடு கோடாக ஓடுகிறது. நிறத்தை அளந்து காட்டும் கருவியாம். “சார், வெள்ளை சரியா நடுவுல இருந்துச்சு. இப்ப ரொம்ப நீலத்துக்குப் போயாச்சு பாருங்க.”

“நான் மீட்டரைப் பாத்துப் படம் எடுத்தவன் இல்ல தம்பி. கண்ணால பாத்து எடுத்தவன்.”

ஜெபராஜ் சொன்னபடியே செய்தார். சுகந்தியும் தடுக்கவில்லை. போன வாரம் வாங்கிக் கட்டிக்கொண்டது நினைவிருக்கும்.

எனக்குக் கொஞ்சம் குளிர்ச்சியாகத் தெரிந்தது, சொட்டு நீலத்தில் ஒரு முக்கு கூடுதலாகப் போட்ட வேட்டி மாதிரி. இவருக்குத் தெரியாததா? வீட்டுக்கு வந்து கீரை ஆய்ந்தேன்.

பிப்ரவரி 21, வெள்ளி

முடிந்தது. ஒப்புதல் கடிதத்தில் கையெழுத்துப் போட்டார். எங்கே போட வேண்டும் என்று விரல் வைத்துக் காட்டினேன்.

மார்ச் 4, செவ்வாய்

ஆற்காடு சாலையைக் கடக்கும்போது ஷேர் ஆட்டோ ஒன்று இவர் முழங்கையில் உரசிவிட்டது. தோல்தான் சிராய்த்திருக்கிறது. மஞ்சள் நிற ஆட்டோ, பட்டப்பகலில், பத்தடி தூரத்தில் வந்ததை இவர் பார்க்கவில்லை. ஓட்டுநர் இறங்கி வந்து, “பெரியவரே, கண்ணு தெரியாட்டி வீட்ல இருக்க வேண்டியதுதானே!” என்றான். அவனை நடுரோட்டில் நிறுத்தி வைத்துக் கேட்டேன் பார், பக்கத்துக் கடைக்காரரே வெளியே வந்துவிட்டார்.

கண் மருத்துவரிடம் நாளை மறுநாள் போகிறோம். இந்த முறை இவர் மறுக்கவில்லை.

மார்ச் 6, வியாழன்

இரண்டு கண்ணிலும் புரை முற்றியிருக்கிறது. மருத்துவர் பெண், இவரைப் பரிசோதித்துவிட்டு என்னைப் பார்த்தார். “இத்தனை வருஷம் எப்படிம்மா சமாளிச்சார்? வீட்ல யாரும் கவனிக்கலையா?”

நான் பைக்குள் மருந்துச் சீட்டைத் தேடினேன்.

எனக்கு ஐந்து வருடம் முன்பே இரண்டு கண்ணிலும் அறுவை முடிந்துவிட்டது. கட்டுப் பிரித்த அன்று, பழுப்பு என்று நினைத்துக் கட்டிக்கொண்டிருந்த புடவை ஊதா என்று தெரிந்து நெடுநேரம் அதையே தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒன்பதாம் வகுப்பில் ஒரு சோதனை செய்வேன். மஞ்சள் கண்ணாடித்தாளைக் கண்ணில் கட்டிக்கொண்டு பத்து நிமிடம் உட்காரச் சொல்வேன். முதலில் எல்லாம் மஞ்சள் என்று கூச்சல் போடுவார்கள். பிறகு மஞ்சளே தெரியவில்லை என்பார்கள். நீல மையால் எழுதியதை மட்டும் கறுப்பு என்பார்கள். புரையும் அந்தத் தாள்தான், நீலத்தை விழுங்கிவிடும்; எவ்வளவு ஏற்றினாலும் போதாது. என்ன, கட்டிக்கொண்டதே தெரியாமல் வருடக்கணக்கில் கட்டிக்கொண்டிருப்போம்.

பதினெட்டாம் தேதி வலது கண்ணுக்கு அறுவை. இடது கண் அடுத்த மாதம்.

மார்ச் 19, புதன்

கட்டுப் பிரித்தார்கள். வீட்டுக்கு வந்ததும் கூடத்துச் சுவருக்கு முன்னால் நின்று, வலது கண்ணை மூடுவதும் இடது கண்ணை மூடுவதுமாக இருந்தார்.

“வேணி, இந்தச் செவுத்துக்கு எப்ப வெள்ளை அடிச்சோம்?”

“மூணு வருஷமாச்சு.”

“இந்தக் கண்ணுல வெள்ளையா இருக்கு. அந்தக் கண்ணுல டீ கொட்டுன மாதிரி இருக்கு.”

நான் சொட்டு மருந்து விடும் நேரத்தை அட்டையில் எழுதிச் சுவரில் ஒட்டினேன்.

மார்ச் 24, திங்கள்

விழாக்காரர்கள் படத்தின் முன்னோட்டத்தை வெளியிட்டுவிட்டார்கள். பக்கத்து வீட்டார் தொலைக்காட்சியில் பெரிதாகப் போட்டுக் காட்டக் கூப்பிட்டார்கள். அவர்கள் வீட்டில் எல்லாரும், “எவ்ளோ அழகு, நீலமா, கனவு மாதிரி!” என்றார்கள். ஒரு விமர்சகர், ‘நாற்பது வருடம் முன்பே உப்பை நீலக் கவிதையாக்கிய கண்’ என்று எழுதியிருக்கிறாராம். அதையும் வாசித்துக் காட்டினார்கள்.

இவர் இடது கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். பவுனம்மாள் முகம் ஈயம் போலக் கிடந்தது. உப்பு நீலமானால் அது முகத்துக்கு அனுப்பும் வெளிச்சமும் செத்துவிடும். பிணத்தை எழுப்பி நடக்கவிட்ட மாதிரி இருந்தாள்.

வீட்டு வாசலைத் தாண்டும் முன்பே வெடித்தார். “கெடுத்துட்டான்! அந்த ஜெபராஜ் கெடுத்துட்டான்! நான் கையெழுத்துப் போட்டப்புறம் மாத்தியிருக்கான். பேப்பர் எடு, சங்கத்துக்கு எழுதணும். இனி இந்த ஊர்ல அவன் ஒரு படம் தொடக் கூடாது.”

சொல்லச் சொல்ல எழுதினேன். ‘என் ஒப்புதலுக்குப் பின் களவாக’ என்ற இடத்தில் பேனா நின்றது. “என்ன யோசனை? எழுது” என்றார். எழுதினேன். உறையில் போட்டு ஒட்டினேன். தபாலில் போட நேரமாகிவிட்டது.

மார்ச் 25, செவ்வாய்

ஜெபராஜே வந்துவிட்டார். சுகந்தியிடம் இவர் போனில் கத்தியது அவர் காதுக்குப் போயிருக்கிறது. ஒரு சீப்பு நேந்திரம் பழம் கொண்டுவந்தார். இவர் உட்காரச் சொல்லவில்லை. நான் சொன்னேன்.

“என் கையெழுத்துக்கு அப்புறம் என்னய்யா பண்ண?”

“ஒண்ணுமே தொடல்ல சார். நீங்க அன்னைக்குப் பாத்ததுதான் அது. அப்படியே இருக்கு.”

“பொய்!”

“நான் அன்னைக்கே சொன்னேன்லா சார், நீலம் கூடுதுன்னு? மீட்டரைப் பாக்காதேன்னுதானே சொன்னீங்க?” அவர் குரலும் ஏறியது. “இருபது வருசமா இந்தத் தொழில்ல இருக்கேன். என்னைத் திருடன்னு சொல்லுறீங்க!” சட்டென்று என் பக்கம் திரும்பினார். “டீச்சர், நீங்களும் கூடத்தானே இருந்தீங்க? உங்களுக்குத் தெரியலையா?”

“அவளை ஏன்யா கேக்குற?” என்றார் இவர். “அவளுக்கு என்ன தெரியும்?”

கையில் காபித் தம்ளர் இருந்தது. மேசையில் வைத்தேன். சிந்தாமல்தான் வைத்தேன்.

“தெரிஞ்சது” என்றேன். “அன்னைக்கே தெரிஞ்சது. நீலம்னு தெரிஞ்சது. உங்க கண்ணுல புரைன்னு அதுக்கு மூணு வருஷம் முன்னாடியே தெரியும். ஜெபராஜ் ஒரு தப்பும் பண்ணலை.”

இவர் என்னைப் பார்த்தார். புதுக் கண்ணால்.

“தெரிஞ்சா ஏன்டி சொல்லலை? ஊருக்கெல்லாம் வெளிச்சப் பாடம் நடத்துனவ!”

“சொன்னா கேட்டிருப்பீங்களா? ஒரு தடவை சொன்னேன். இருட்டா இருக்குன்னு சொன்னேன். ஒன்பது நாள் என்னை இந்த வீட்டு மேசை நாற்காலி மாதிரி நடத்துனீங்க. கண்ணு வேலை உங்களுதுன்னு சொன்னீங்க. நாற்பது வருஷமா இந்த வீட்ல எனக்குக் கண்ணே கிடையாது. இப்ப மட்டும் எங்க போச்சு உன் கண்ணுன்னு கேட்டா எப்படி?”

தெருவுக்கே கேட்டிருக்கும். கேட்கட்டும்.

ஜெபராஜ் எழுந்து நின்றுகொண்டு பழச் சீப்பையே பார்த்தார். “நான் கிளம்புறேன் டீச்சர்” என்றார். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே, “நீலம் ஏத்துறதுக்கு முந்தின வெர்ஷன் என்கிட்ட இருக்கு. அழிக்க மனசு வரல்ல” என்று சொல்லிவிட்டுப் போனார்.

கோபத்தில் பேசியதில் எனக்கு வருத்தமில்லை. ஆனால் முழுதும் சொல்லவில்லை. இவர் கோபத்துக்குப் பயந்து மட்டும் நான் சும்மா இருக்கவில்லை. ஜனவரியில் அந்த போன் வந்ததிலிருந்து இவர் காலையில் ஆறு மணிக்கே எழுந்து குளித்துவிட்டுக் காத்திருந்தார். பதினெட்டு வருடத்துக்குப் பிறகு யாரோ இவரைக் கூப்பிட்டிருந்தார்கள். அதை நான் கெடுக்க விரும்பவில்லை. அதற்குப் பதிலாகப் படத்தைக் கெடுத்தேன்.

மார்ச் 26, புதன்

பேசவில்லை. நானும்.

மார்ச் 27, வியாழன்

மாலை நான்கு மணிக்கு, மருந்து விட்டு முடித்ததும், “அந்தக் கடுதாசி போட்டுட்டியா?” என்றார்.

“இல்லை.”

“கிழிச்சுப் போடு. புதுசா எழுது. சுகந்திக்கு. ஒரு நகல் ஜெபராஜுக்கு.”

சொன்னதை அப்படியே எழுதினேன். ‘நிறத்திருத்தம் செய்யப்பட்ட நாட்களில் எனக்கு இரு கண்களிலும் புரை இருந்தது. பார்வை மங்கியதை நான் மறைத்தேன். உப்பை நீலமாக்கியது நான். ஜெபராஜ் தடுத்தும் கேட்கவில்லை. இந்தப் பிரதி தவறானது.’

“என் பேரும் போடணும்” என்றேன்.

“எதுக்கு?”

“கண்ணு நல்லா இருக்குன்னு போன்ல சொன்னவ நான்தானே.”

அது இவருக்குத் தெரியாது. காகிதத்தை என் பக்கம் நகர்த்தினார். பிறகு, “போட்டுக்கோ” என்றார். கையெழுத்து இடத்தை இவரே கண்டுபிடித்துப் போட்டார்.

ஏப்ரல் 2, புதன்

சுகந்தி அலுவலகம். ஒரு மணி நேரச் சண்டை.

“அங்கிள், எல்லாரும் கொண்டாடறாங்க. நீலம்தான் இப்ப படத்துக்கே பேரு வாங்கிக் குடுத்திருக்குது. நீங்களே தப்புன்னா நான் எங்கீங்க போய்ச் சொல்றது?”

“நெசத்தைச் சொல்லு. கிழவனுக்குக் கண்ணு தெரியலைன்னு சொல்லு.”

“யாருக்கும் தெரியாதுங்க அங்கிள். விட்ருங்களே.”

“பவுனம்மாளைச் செத்தவ மாதிரி காட்டிட்டு மேடையில மாலை வாங்கச் சொல்றியா? ‘ஒளிப்பதிவாளர் மேற்பார்வையில்’னு ஒரு கார்டு போட்டிருக்கியே, அதை எடுத்துடு. என் பேரையும் எடுத்துடு.”

படத் தொடக்கத்தில் திரையில் வரும் அந்த அட்டை இல்லாவிட்டால் விழாக்காரர்கள் படத்தை எடுத்துக்கொள்ள மாட்டார்கள். அது இவருக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். நான் பார்த்த சேதுமாணிக்கம் தன் பெயருக்காக எத்தனையோ பேரிடம் சண்டை போட்டவர். பெயரை எடுக்கச் சொல்லி முஷ்டியை மடக்கியதை இன்றுதான் பார்க்கிறேன்.

சுகந்தி என்னிடம் திரும்பி, “ஆன்ட்டி, நீங்களாச்சும் சொல்லுங்க” என்றாள்.

“நாங்க ரெண்டு பேரும்தாம்மா கையெழுத்துப் போட்டிருக்கோம்” என்றேன்.

கோபமாகத்தான் சம்மதித்தாள். நாளை மறுநாள் ஒரே ஒரு நாள். ஜெபராஜின் பழைய பிரதியிலிருந்து உப்பளக் காட்சிகளை மட்டும் மாற்றிக்கொள்ளலாம். மாலை ஆறு மணிக்குக் கோப்பு போய்விட வேண்டும். அதன் பிறகு கடவுளே வந்தாலும் மாற்ற முடியாதாம்.

ஏப்ரல் 4, வெள்ளி

காலை ஒன்பதிலிருந்து உட்கார்ந்தோம். பழைய பிரதியிலும் வேலை இருந்தது. நெகடிவ் ஒவ்வொரு சுருளிலும் ஒவ்வொரு மாதிரி வெளுத்திருக்கிறது. கருவி நடுவைக் காட்டும். ஆனால் வேதாரண்யத்து உச்சி வெயில் நடுவில் இருந்ததில்லை, இம்மியளவு மஞ்சள் சாய்ந்த, வெதுவெதுப்பான பக்கம்தான் இருந்தது. அந்த இம்மியைக் கண்தான் சொல்ல வேண்டும்.

மதியம் வரை இவர்தான் சொன்னார். வலது கண்ணால் பார்த்து, “நீலமா இருக்கு, குறை” என்பார். சந்தேகம் வந்து இடது கண்ணால் பார்த்து, “ஐயோ, மஞ்சள், ஏத்து” என்பார். ஜெபராஜ் பொறுமையாக ஏற்றி இறக்கினார். அறுவை செய்த கண்ணுக்குச் சில வாரம் எல்லாமே சற்று நீலமாகத் தெரியும் என்று மருத்துவர் சொல்லியிருந்தார். ஒரு கண்ணில் இன்னும் தாள் கட்டியிருக்கிறது, இன்னொரு கண்ணில் இப்போதுதான் அவிழ்த்திருக்கிறது. இரண்டையும் நம்ப முடியாது. மூன்று மணிக்கு இவருக்கே அது விளங்கிவிட்டது. கைத்தடியைச் சுவரில் சாய்த்துவிட்டு எழுந்தார்.

“நான் பின்னால உக்காந்துக்கிறேன்.”

திரைக்கு நேர் எதிரே இருந்த நாற்காலியைக் காலால் என் பக்கம் தள்ளினார். அதில் இதுவரை இவர் உட்கார்ந்துதான் பார்த்திருக்கிறேன். உட்கார்ந்தேன். சுகந்தி கடிகாரத்தைப் பார்த்தாள்.

பவுனம்மாள் பலகையால் உப்பை வாரி நிமிரும் காட்சி. ஜெபராஜ் ஒரு துளி வெதுவெதுப்பு ஏற்றினார். உப்பு துலங்கியது. அவள் தாடைக்கு அடியில் வெளிச்சம் மெல்ல ஏறத் தொடங்கியது. இன்னும் ஒரு துளி. நான் கை காட்டியதும் நிறுத்தினார்.

பின்னாலிருந்து இவர் குரல் வந்தது. இத்தனை வருடத்தில் அந்தத் தொனியில் நான் கேட்டதில்லை.

“எனக்கு வெள்ளையாத் தெரியுது வேணி. உனக்கு?”

திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். சரியாக இருந்தது. எனக்குத் தெரிந்துவிட்டது. ஆனாலும் உடனே பதில் சொல்லவில்லை. கொஞ்சம் காத்திருக்கட்டும்.